கேம் பெட்டிகளின் அளவும் அடுக்கி வைக்கும் முறையும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கேம்களை டிஸ்க்காகவும் கார்ட்ரிட்ஜாகவும் வாங்கிச் சேர்ப்பவர்களுக்கு ஒரு நாள் இடம் போதாமல் போகும். அன்றைக்குத்தான் அளவுகோலைத் தேடுவோம். நானும் அப்படித்தான், இரண்டு அலமாரிகளை வீணாக்கிய பிறகே பெட்டிகளை அளந்து பார்த்தேன். அதற்குப் பின் நண்பர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்டவற்றை இங்கே சேர்த்திருக்கிறேன். சொல்லும் அளவுகள் எல்லாம் மூடிய பெட்டியின் வெளிப்புற அளவுகள். பெட்டியைச் செய்தவர் யார் என்பதைப் பொறுத்து ஓரிரு மில்லிமீட்டர் முன்னே பின்னே இருக்கும்.

எனக்குப் பொறுமை இல்லை. அலமாரியை என்ன அளவில் செய்யச் சொல்வது?

தட்டுக்கும் தட்டுக்கும் நடுவே 20.5 செ.மீ. இடைவெளி, உள்பக்க ஆழம் 15 செ.மீ. கடந்த இருபத்தைந்து ஆண்டுகளில் வந்த டிஸ்க் கேம்களில் கிட்டத்தட்ட எல்லாமே இதில் நிற்கும். சிறப்புப் பதிப்புகளுக்கும் பழைய அட்டைப் பெட்டிகளுக்கும் தனி இடம் வேண்டும், அதைக் கீழே பார்க்கலாம்.

எல்லாப் பெட்டியும் ஒரே அளவுதானே?

இல்லை. ஆனால் பயப்படும் அளவுக்கு வகைகளும் இல்லை. டிஸ்க் கேம்களை இரண்டு குடும்பமாகப் பிரித்துவிடலாம்.

முதலாவது டிவிடி குடும்பம். 19 செ.மீ. உயரம், 13.5 செ.மீ. அகலம், 14 மி.மீ. தடிமன். பிஎஸ் 2 (பிஎஸ் என்றால் பிளேஸ்டேஷன்), முதல் எக்ஸ்பாக்ஸ், நின்டெண்டோ கேம்கியூப், எக்ஸ்பாக்ஸ் 360, நின்டெண்டோவின் வீ, வீ யூ ஆகிய கன்சோல்களின் கேம்கள் எல்லாம் இதில் அடங்கும். கேம்கியூப் டிஸ்க் வெறும் 8 செ.மீ. விட்டம்தான், இருந்தும் ஜப்பானுக்கு வெளியே பெட்டி மட்டும் முழு டிவிடி உயரத்தில் வந்தது. கேம்கியூப், பிஎஸ் 2 பெட்டிகளுக்குள் மெமரி கார்டு வைக்க ஒரு சின்னக் குழி இருக்கும். அதில் பழைய கார்டு ஒன்று அகப்பட்டால் அன்றைக்கு உங்களுக்கு நல்ல நாள்.

இரண்டாவது ப்ளூ-ரே குடும்பம். உயரம் சுமார் 17 செ.மீ., அகலம் அதே 13.5. பிஎஸ் 3, பிஎஸ் 4, பிஎஸ் 5, எக்ஸ்பாக்ஸ் ஒன், எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ். அகலம் மாறாததற்குக் காரணம் எளிது: உள்ளே இருக்கும் டிஸ்க் இரண்டிலுமே 12 செ.மீ. விட்டம் கொண்டது, அதைச் சுற்றிக் கொஞ்சம் இடம் விட்டால் அகலம் இதற்குக் கீழே இறங்காது. உயரத்தைத்தான் குறைக்க முடிந்தது.

இந்தக் குடும்பத்தில் சிக்கல் தடிமனில் இருக்கிறது. பிஎஸ் 3 பெட்டி கொஞ்சம் பருமன். அதன் பக்கத்தில் ஒரு திரைப்பட ப்ளூ-ரே பெட்டியை வைத்துப் பாருங்கள், கண்ணுக்கே தெரியும். 12 முதல் 15 மி.மீ. வரை மாறும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

19 செ.மீ. என்ற எண் எங்கிருந்து வந்தது? உள்ளே 12 செ.மீ. டிஸ்க்தானே இருக்கிறது?

விஎச்எஸ் வீடியோ கேசட்டின் நீளம் 18.7 செ.மீ. டிவிடி வந்தபோது கடைகளில் இருந்த அடுக்குகள் அத்தனையும் கேசட்டுக்காகச் செய்தவை. ஏறக்குறைய அதே உயரத்தில் டிவிடி பெட்டி வந்ததால் அந்த அடுக்குகள் அப்படியே பயன்பட்டன. கேம் நிறுவனங்கள் டிவிடிக்கு மாறியபோது பெட்டியும் கூடவே வந்துவிட்டது. எக்ஸ்பாக்ஸ் 360 வந்தது 2005-இல், பிஎஸ் 3 வந்தது 2006-இல். ஒரே தலைமுறை, ஒரே கேம் இரண்டிலும் வெளியாகும், ஆனால் ஒன்று டிவிடி, மற்றொன்று ப்ளூ-ரே. அதனால்தான் அவற்றைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒன்று 2 செ.மீ. குட்டையாக நிற்கிறது. 2013-இல் எக்ஸ்பாக்ஸ் ஒன் ப்ளூ-ரேவுக்கு மாறியபோது அதன் பெட்டியும் குட்டையானது.

என்னிடம் பிஎஸ் 4, பிஎஸ் 5 மட்டும்தான் இருக்கிறது. இடைவெளியை 18.5 செ.மீ. ஆக்கினால் இடம் மிச்சம் ஆகாதா?

ஆகும், ஆனால் நீங்கள் நினைக்கும் அளவுக்கு இல்லை. பலகை 18 மி.மீ. தடிமன் என்று வைத்துக் கணக்குப் போடுங்கள். 2 மீட்டர் உயர அலமாரியில் 20.5 செ.மீ. இடைவெளி விட்டால் 8 வரிசை, 18.5 விட்டால் 9 வரிசை. அந்த ஒரு வரிசைக்காக டிவிடி உயரப் பெட்டிகளுக்குக் கதவை அடைக்கிறீர்கள். நான் அடைத்தேன். 18 செ.மீ. இடைவெளியில், ஆணி அடித்து, நகர்த்தவே முடியாதபடி செய்து முடித்த மூன்றாம் மாதம் நண்பர் ஒருவர் தன்னுடைய எக்ஸ்பாக்ஸ் 360 கேம்கள் அறுபதையும் கொண்டுவந்து கொடுத்தார். ஒரு வருடம் அவை அட்டைப் பெட்டியிலேயே கிடந்தன.

துளை போட்டு முளை செருகி நகர்த்தும் வகைத் தட்டு என்றால் இந்தக் கவலையே இல்லை, இன்றைக்கு 18.5 வைத்துவிட்டு நாளைக்கு மாற்றிக்கொள்ளலாம்.

நின்டெண்டோ ஸ்விட்ச் பெட்டி?

உயரம் 17 செ.மீ., அகலம் 10.5 செ.மீ., தடிமன் 10 அல்லது 11 மி.மீ. உயரத்தில் ப்ளூ-ரே பெட்டியோடு சேர்ந்துகொள்ளும் என்பதால் ஒரே தட்டில் வைக்கலாம். அகலம் 3 செ.மீ. குறைவு என்பதால் பின்சுவரோடு ஒட்டித் தள்ளினால் உள்ளே போய் ஒளிந்துகொள்ளும். முன் விளிம்பில் வரிசைப்படுத்திப் பின்னால் ஒரு மரச் சட்டமோ தடித்த அட்டையோ வைத்துவிடுங்கள்.

உள்ளே இருக்கும் கார்டு சுமார் 3 செ.மீ. நீளம், 2 செ.மீ. அகலம். மீதியெல்லாம் காற்றுதான். 2017-இல் வந்தபோதே அந்தக் கார்டின் மேல் டினாடோனியம் பென்சோயேட் என்னும் கசப்புப் பொருளைப் பூசியிருந்தார்கள், குழந்தைகள் விழுங்கிவிடக் கூடாது என்பதற்காக. நாக்கில் வைத்துப் பார்க்காதீர்கள். பெரியவர்களும்தான், கேட்டு வருபவர்களில் பாதிப் பேர் ஏற்கெனவே வைத்துப் பார்த்தவர்கள்.

ஸ்விட்ச் 2 பெட்டிகள் சிவப்பு நிறம். ஸ்விட்ச் பெட்டிகளோடு ஒரே வரிசையில் நிற்கும்.

டிஎஸ், 3டிஎஸ், வீட்டா போன்ற கையடக்கக் கன்சோல்களின் பெட்டிகள்?

டிஎஸ் பெட்டி உயரத்தைவிட அகலம் அதிகம்: சுமார் 12.5 செ.மீ. உயரம், 13.5 செ.மீ. அகலம். 3டிஎஸ் முன்பக்கம் அதே மாதிரி, ஆனால் மெலிந்தது. பிஎஸ் வீட்டா 13.5 செ.மீ. உயரம், 10.5 செ.மீ. அகலம். பிஎஸ்பி பெட்டி வீட்டாவைவிட நெட்டை, ஸ்விட்ச் போலக் குறுகலானது.

ஒரு மீட்டர் பலகையில் எத்தனை கேம் நிற்கும்?

உண்மையில் முதலில் கேட்க வேண்டிய கேள்வி இது. ஆனால் எல்லோரும் உயரத்தை மட்டும் கேட்கிறார்கள். உயரம் ஒருமுறை சரியாக இருந்தால் போதும், அதன் பிறகு ஒவ்வொரு கேம் வாங்கும்போதும் இடத்தைத் தின்பது தடிமன்தான்.

14 மி.மீ. பெட்டி என்றால் மீட்டருக்கு 71 வரும். அப்படி இறுக்கி அடைத்தால் ஒன்றை உருவும்போது பக்கத்தில் இருப்பவையும் கூடவே வரும், முகப்புப் படம் அச்சிட்டுச் செருகிய அட்டைத்தாளின் மேல்விளிம்பு கசங்கும். அதனால் 67, 68 என்று கணக்கு வையுங்கள். ஸ்விட்ச் என்றால் 90-க்கு மேல். சிடி பெட்டி என்றால் கிட்டத்தட்ட 95.

இணையத்தில் இருக்கும் அட்டவணைகளை நம்புவதைவிட நல்ல வழி ஒன்று உண்டு. உங்களிடம் இருக்கும் 20 பெட்டிகளை எடுத்து, மேசையில் சேர்த்து நிறுத்தி, இரண்டு புத்தகங்களுக்கு நடுவே லேசாக அழுத்தி மொத்த நீளத்தை அளந்து 20-ஆல் வகுங்கள். ஒரு பெட்டியை அளந்தால் அரை மில்லிமீட்டர் பிசகு வரும், அது இருநூறு கேமில் 10 செ.மீ. ஆகிவிடும். இருபதைச் சேர்த்து அளந்தால் அந்தப் பிசகு காணாமல் போகும்.

அப்புறம், இன்று இருக்கும் எண்ணிக்கைக்குச் செய்யாதீர்கள். மூன்றில் ஒரு பங்கு காலியாக விடுங்கள். "இனி வாங்க மாட்டேன்" என்று சொல்பவர்கள் யாரும் நிறுத்தியதாக எனக்குத் தெரியவில்லை.

கனம் தாங்குமா?

டிவிடி அளவுப் பெட்டி, டிஸ்க், கையேடு எல்லாம் சேர்த்து ஒன்று 100 கிராம் அளவில் இருக்கும். மீட்டருக்கு 7 கிலோ. இது புத்தகத்தைவிடக் குறைவு. சாதாரணப் பலகை தாங்கும். இரண்டு வரிசை வைத்தாலோ, இரும்புப் பெட்டியில் வரும் சிறப்புப் பதிப்புகள் நிறைய இருந்தாலோ பலகையின் நடுவில் ஒரு தாங்கல் கொடுங்கள். சுவரில் மாட்டும் அலமாரி என்றால் கனம் எல்லாம் திருகின் மேல், அங்கே கஞ்சத்தனம் வேண்டாம்.

33 செ.மீ. சதுரக் கட்டங்கள் உள்ள அலமாரி என்னிடம் இருக்கிறது. போதாதா?

இசைத்தட்டு வைப்பவர்களுக்காகவே அளவெடுத்தது போன்ற கட்டம் அது. கேமுக்கு வந்தால் வயிற்றெரிச்சல். ப்ளூ-ரே உயரப் பெட்டியை இரண்டு அடுக்காக வைக்கலாம் என்று ஆசைப்படுவோம்: 17-ம் 17-ம் 34. ஒரே ஒரு செ.மீ. குறைகிறது. சரி, படுக்க வைத்து முதுகு (பெயர் அச்சிட்ட ஒடுங்கிய பக்கம்) வெளியே தெரிகிற மாதிரி இரண்டு கட்டு அடுக்கலாம் என்றால் அங்கேயும் அதே 34. ஒரு கட்டத்தில் நிறுத்தினாலும் 23 கேம், படுக்க வைத்தாலும் 23.

ஆழம் 38 செ.மீ. அளவில் இருந்தால் முன்னும் பின்னுமாக இரண்டு வரிசை வைத்து 46 ஆக்கலாம், பின்வரிசை கண்ணுக்குத் தெரியாது என்பதை ஒத்துக்கொண்டால்.

ஆனால் குட்டைப் பெட்டிகளுக்கு இந்தக் கட்டம் பிரமாதம். டிஎஸ், 3டிஎஸ், வீட்டா, சிடி பெட்டி எல்லாமே 13.5 செ.மீ. உயரத்துக்குள் அடங்கும். நடுவில் ஒரு பலகை செருகினால் இரண்டு அடுக்கு தாராளமாக நிற்கும். என்னுடைய பிஎஸ் 1 முழுவதும் அப்படித்தான் இருக்கிறது.

முன்னும் பின்னுமாக இரண்டு வரிசை வைப்பது நல்லதா?

பின்வரிசையை உயர்த்தி வைத்தால் நல்லது. 7 அல்லது 8 செ.மீ. உயரத்துக்கு ஒரு மரக்கட்டையைப் பின்னால் நீளமாகப் போட்டு அதன் மேல் பின்வரிசையை நிறுத்துங்கள். பெயரின் மேல்பாதி தெரியும், அது போதும். இதற்கு 28 செ.மீ. ஆழமும் 28 செ.மீ. இடைவெளியும் வேண்டும், அதாவது சாதாரணப் புத்தக அலமாரி. கட்டை இல்லாமல் வைத்தால் பின்னால் இருப்பதை நீங்கள் மறந்துவிடுவீர்கள், மறந்துபோய் அதையே இன்னொரு முறை வாங்குவீர்கள். எனக்கு ஒரே பந்தய கேம் மூன்று பிரதிகள் சேர்ந்தது அப்படித்தான்.

படுக்க வைத்து ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கலாமா?

நாலைந்து நாளைக்குப் பரவாயில்லை. நிரந்தரமாக வேண்டாம். கீழே இருக்கும் பெட்டியின் முகப்பு மேலிருக்கும் கனத்தில் வளையும். குறிப்பாக, பிளாஸ்டிக்கை மிச்சம் பிடிக்க நடுவில் ஓட்டை போட்ட பெட்டிகள் வந்தன அல்லவா, எக்ஸ்பாக்ஸ் 360 காலத்தில் நிறைய, அவற்றில் அட்டைத்தாளுக்குப் பின்னால் தாங்கவே ஒன்றும் கிடையாது. விரல் பட்டாலே குழி விழும். அப்புறம், நடைமுறையில் யோசியுங்கள், உங்களுக்கு வேண்டிய கேம் எப்போதும் அடியில்தான் இருக்கும்.

பழைய அட்டைப் பெட்டிகளுக்கு என்ன செய்வது?

இங்கேதான் அளவுகள் சிதறிப்போகின்றன. நின்டெண்டோவின் பழைய கன்சோல்களான என்இஎஸ், சூப்பர் நின்டெண்டோ ஆகியவற்றின் அமெரிக்கப் பெட்டிகள் சுமார் 18-க்கு 12.5 செ.மீ., சூப்பர் நின்டெண்டோ பெட்டி 3 செ.மீ. அளவுக்குத் தடிமன். கேம் பாய் பெட்டி ஏறக்குறைய சதுரம், பக்கத்துக்கு 12.5 செ.மீ. தொண்ணூறுகளின் கணினி கேம் பெட்டிகள் ஏறக்குறைய 24-க்கு 19 செ.மீ., 3 முதல் 5 செ.மீ. தடிமன், சில பெட்டிகள் விநோத வடிவங்களிலும்கூட வந்தன. உள்ளே ஒரு சிடியும் ஒரு தாளும். பெரிய பெட்டி வைத்தால் கடையில் கண்ணில் படும் என்பதுதான் கணக்கு. கடைக்காரர்களுக்கு இடம் போதாமல் போய், 2000-ஐ ஒட்டி அது டிவிடி அகலத்துக்குச் சுருங்கியது.

அட்டைப் பெட்டிக்கு மூன்று எதிரிகள்: அழுத்தம், ஈரம், ராமபாணப் பூச்சி. காலிப் பெட்டியாக இருந்தால் உள்ளே அமிலம் கலக்காத மெல்லிய தாளைச் சுருட்டி வையுங்கள், அமுங்காது. மேலே எதையும் வைக்காதீர்கள். தொழிற்சாலையில் சுற்றிய பிளாஸ்டிக் உறை பிரியாமல் இருந்தால் அது காலப்போக்கில் இறுகி அட்டையை வளைப்பதும் உண்டு. பிரிப்பதா வேண்டாமா என்பது உங்கள் மனசாட்சி. நான் பிரித்துவிடுவேன்.

பிஎஸ் 1, ட்ரீம்காஸ்ட் சிடி பெட்டிகள் எல்லாம் உடைந்திருக்கின்றன. மாற்றலாமா?

சாதாரண ஜூவல் கேஸ், 14.2 செ.மீ. அகலம், 12.5 செ.மீ. உயரம், 10 மி.மீ. தடிமன் உள்ளது என்றால் கவலையே வேண்டாம், இசை சிடிக்கு விற்கும் காலிப் பெட்டியே பொருந்தும். அது பாலிஸ்டைரீன், கண்ணாடி மாதிரி நொறுங்கும் குணம். கீல் முளைதான் முதலில் போகும்.

ஆனால் கவனம், அமெரிக்க சேகா சாட்டர்னும் சேகா சிடியும் நெட்டையான தனிப் பெட்டியில் வந்தவை, பிஎஸ் 1-இன் முதல் சில கேம்களும் நெட்டைப் பெட்டியில் வந்தன. அவற்றுக்கு மாற்று கிடைப்பது கஷ்டம். ஐரோப்பிய பிஎஸ் 1 பெட்டி சாதாரண ஜூவல் கேஸைவிடத் தடித்தது. அதையும் பார்த்து வாங்குங்கள்.

டிவிடி, ப்ளூ-ரே குடும்பத்தில் மாற்றுப் பெட்டி?

டிவிடி உயரம் என்றால் 14 மி.மீ. காலிப் பெட்டி எங்கும் கிடைக்கும், அதன் அட்டைத்தாள் 27.3-க்கு 18.3 செ.மீ. பாதித் தடிமனில் 7 மி.மீ. பெட்டியும் விற்கிறார்கள், ஆனால் அதில் அசல் தாளைப் போட்டால் முதுகில் இருக்க வேண்டிய பெயர் பின்பக்கம் வழுகிப் போய்விடும். பிஎஸ் 4 தாளைத் திரைப்பட ப்ளூ-ரே பெட்டிக்குள் போட்டாலும் இதே தொல்லை. உயரம் சரியாக இருக்கும், முதுகு பொருந்தாது. இதிலும் தடிமன்தான் காலை வாருகிறது.

டிஸ்க்கின் எந்தப் பக்கத்தைக் காப்பாற்ற வேண்டும்?

அது எந்த வகை டிஸ்க் என்பதைப் பொறுத்தது. பலரும் இதைத் தலைகீழாகப் புரிந்து வைத்திருக்கிறார்கள்.

சிடியில் தகவல் படலம் மேல்பக்கத்தில், அதாவது படம் அச்சிட்ட பக்கத்தில், மெல்லிய பூச்சுக்கும் மைக்கும் கீழே உடனே இருக்கிறது. அடிப்பக்கத்தில் 1.2 மி.மீ. பிளாஸ்டிக் கவசம். அதனால் பிஎஸ் 1, ட்ரீம்காஸ்ட், சாட்டர்ன் டிஸ்க்கில் அடிப்பக்கக் கீறலைத் தேய்த்துச் சரிசெய்யலாம், மேல்பக்கம் ஆழமாகக் கீறினால் அந்த இடத்துத் தகவல் போனது போனதுதான். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பாருங்கள், ஊசி முனை போல ஒளி ஊடுருவினால் அங்கே படலம் இல்லை என்று அர்த்தம். பிஎஸ் 1 டிஸ்க்கின் அடி கறுப்பாக இருப்பதால் பிரகாசமான விளக்கு வேண்டும்.

டிவிடியில் இரண்டு 0.6 மி.மீ. தகடுகளுக்கு நடுவே படலம். இரண்டு பக்கமும் பாதுகாப்பு, ஆனால் வளைத்தால் தகடுகள் பிரியும். பெட்டியிலிருந்து எடுக்கும்போது நடு முளையை அழுத்திவிட்டு எடுங்கள், விளிம்பைப் பிடித்து நெம்பாதீர்கள்.

ப்ளூ-ரேயில் படலம் அடிப்பக்கத்திலிருந்து வெறும் 0.1 மி.மீ. தூரத்தில். அதனால் அந்த அடிப்பக்கத்தில் கீறலைத் தாங்கும் கெட்டிப் பூச்சு கொடுத்திருக்கிறார்கள். சின்னக் கீறல் எளிதில் விழாது. ஆழமாக விழுந்துவிட்டால் தேய்த்துச் சரிசெய்ய அங்கே பிளாஸ்டிக்கே இல்லை.

துடைக்கும்போது நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில் துடையுங்கள். தகவல் வட்டப் பாதையில் ஓடுகிறது. குறுக்கே விழும் கீறலைப் பிழை திருத்தும் முறை சமாளித்துவிடும், பாதையோடு ஓடும் வட்டக் கீறல் ஒரே இடத்தில் நிறையத் தகவலை விழுங்கிவிடும்.

வெப்பம், ஈரம் எவ்வளவு இருக்கலாம்?

அமெரிக்காவின் நிஸ்ட் என்ற தரநிலை அமைப்பு 2003-இல் வெளியிட்ட டிஸ்க் பராமரிப்பு வழிகாட்டி, நெடுநாள் சேமிப்புக்கு 4 முதல் 20 டிகிரி செல்சியஸ், ஈரப்பதம் 20 முதல் 50 விழுக்காடு என்கிறது. டிஸ்க்கை நிறுத்தி வைக்கச் சொல்வதும் அதே வழிகாட்டிதான். வீட்டில் அந்த வெப்பநிலைக்கு எங்கே போவது என்று கேட்பீர்கள். நியாயம். அந்த எண்களைத் துரத்த வேண்டாம், வெப்பமும் ஈரமும் அடிக்கடி ஏறி இறங்காமல் பார்த்துக்கொண்டால் போதும். பரண், மாடிக் கொட்டகை, கழிவறைச் சுவரை ஒட்டிய இடம், இவை வேண்டாம். வெளிச்சுவரை ஒட்டி அலமாரி வைக்க வேண்டி வந்தால் 3 செ.மீ. இடைவெளி விட்டுக் காற்றோட விடுங்கள்.

ஈரம் டிஸ்க்கைத் தொடும் முன் தாளைத் தொடும். கையேட்டின் பக்கங்கள் ஒட்டிக்கொள்வதும் அட்டைத்தாள் நெளிவதும் முதல் எச்சரிக்கை. மூடிய டப்பாவில் வைத்தால் சிலிக்கா ஜெல் பொட்டலம் போடுங்கள், ஆனால் அது நிறைந்துவிட்டால் சும்மா கிடக்கும் பொட்டலம்தான். நிறம் மாறும் வகை வாங்கினால் எப்போது காயவைக்க வேண்டும் என்று தெரியும்.

வெயில்?

படவே கூடாது. சிவப்பும் மஞ்சளும் முதலில் வெளுக்கும், நீலமும் கறுப்பும் மிஞ்சும். ஜன்னல் பக்கம் வைத்த வரிசை சில வருடத்தில் நீலம் பாரித்துப் போவது அதனால்தான். பெட்டியைத் திறக்காமலே இருந்தாலும் முதுகு மட்டும் வெளுக்கும், நாம் தினமும் பார்ப்பதும் அந்த முதுகைத்தான்.

பெட்டிகளைத் தூக்கிப்போட்டுவிட்டு டிஸ்க்குகளை உறை ஏட்டில் போட்டு வைத்தால்?

இடம் பத்தில் ஒன்றாகும், உண்மை. ஆனால் உறைக்குள் ஒரு மணல் துகள் போனாலும் ஒவ்வொரு முறை உருவும்போதும் கீறும். ஏட்டை நெருக்கி அடைத்தால் டிஸ்க் வளையும். அதற்கு மேல், பெட்டி இல்லாத கேமுக்கு மறுவிற்பனையில் மதிப்பு இறங்கிவிடும். செய்துதான் ஆக வேண்டும் என்றால் காலிப் பெட்டிகளை அட்டைத்தாளோடு மூட்டை கட்டி எங்காவது வையுங்கள், எறியாதீர்கள். நான் ஒருமுறை எறிந்தேன். பிறகு அதே பெட்டிகளைக் காலியாகவே காசு கொடுத்து வாங்கினேன், அதைப் பற்றி இதற்கு மேல் பேச விரும்பவில்லை.

ஒளிபுகும் பாதுகாப்பு உறைகள் தேவையா?

அட்டைப் பெட்டிக்குத் தேவை. பிளாஸ்டிக் பெட்டிக்கு ஆடம்பரம். வாங்கினால் பெட் (PET) அல்லது பாலிபுரோப்பிலீன் வகைப் பிளாஸ்டிக் பாருங்கள். மிருதுவான பிவிசி வேண்டாம், அதை மிருதுவாக்கச் சேர்த்த எண்ணெய்த்தன்மை உள்ள பொருள் வருடக்கணக்கில் கசிந்து அச்சில் ஒட்டும். உறை போட்டால் ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு மில்லிமீட்டர் வரை கூடும், மேலே போட்ட மீட்டர் கணக்கைத் திருத்திக்கொள்ளுங்கள்.

விலை ஒட்டியை எப்படி எடுப்பது?

முடி உலர்த்தியால் லேசாகச் சூடாக்கி, ஒரு மூலையிலிருந்து மெதுவாக உரியுங்கள். மிஞ்சும் பிசினை ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் நனைத்த துணியால் துடையுங்கள். இது பிளாஸ்டிக் பெட்டிக்கு மட்டும். அட்டைப் பெட்டியில் மை கரையும், அதில் ஒட்டி இருப்பதே அழகு என்று விட்டுவிடுங்கள்.

கார்ட்ரிட்ஜுக்குத் தனிக் கவனம் வேண்டுமா?

டிஸ்க்கைவிடக் கெட்டி, ஆனால் பழைய சில கார்ட்ரிட்ஜ்களுக்குள் சேமிப்பைக் காக்கும் பட்டன் பேட்டரி இருக்கிறது. அது தீர்ந்தால் நீங்கள் சேமித்தது போய்விடும். போக்கிமான் கோல்டு, சில்வர் கேம்களில் கடிகாரமும் அதே பேட்டரியில் ஓடுவதால் சீக்கிரம் தீரும். மாற்றலாம், பற்றவைப்பு வேலை தெரிந்தவரிடம் கொடுங்கள். தொடர்புப் பட்டைகளை ஆல்கஹால் தொட்ட பஞ்சுக் குச்சியால் துடையுங்கள். வாயால் ஊதாதீர்கள், மூச்சின் ஈரம் உலோகத்தை அரிக்கும். ஊதினால் வேலை செய்கிறதே என்பீர்கள், கழற்றி மறுபடி செருகியதால்தான் வேலை செய்கிறது.

ஸ்விட்ச் 2-இல் வரும் கேம்-கீ கார்டையும் சேர்த்து வைக்க வேண்டுமா?

2025 ஜூனில் ஸ்விட்ச் 2 வந்தபோது கூடவே வந்தது இது. கார்டுக்குள் கேம் கிடையாது, இணையத்திலிருந்து பதிவிறக்க வேண்டும், விளையாடும்போது கார்டும் செருகியிருக்க வேண்டும். பெட்டியின் முன்பக்கம் கீழே குறிப்பு இருக்கும். விற்கலாம், இரவல் கொடுக்கலாம், அதனால் பெட்டிக்குள் வெறும் குறியீட்டுத் தாள் வைத்து விற்பதைவிட மேல். ஆனால் பதிவிறக்கும் வசதி ஒரு நாள் நின்றால் அது வெறும் பிளாஸ்டிக் துண்டு. நான் அவற்றைத் தனி வரிசையில் வைத்திருக்கிறேன், கொஞ்சம் ஒதுக்கியும்தான்.

எந்த வரிசையில் அடுக்குவது?

கன்சோல் வாரியாக, அதற்குள் அகர வரிசை. நிற வாரியாக அடுக்குவது படம் எடுக்க நன்றாக இருக்கும், தேடும்போது கண்ணீர் வரும். தொடராக வந்த கேம்களை வெளியான வரிசையில் வைப்பேன், அகர வரிசை அங்கே தோற்றுப்போகும். இரண்டு குடும்பமும் கலந்திருந்தால் உயரமானவை ஒரு தட்டு, குட்டையானவை ஒரு தட்டு என்று பிரியுங்கள்.

பட்டியல் வேண்டுமா?

ஐம்பதைத் தாண்டினால் வேண்டும். கணக்குத்தாள் ஒன்று போதும்: பெயர், கன்சோல், நாட்டுப் பதிப்பு, கையேடு உண்டா, யாரிடம் இரவல் போயிருக்கிறது. கடைசிப் பத்திதான் முக்கியம். பிளேஸ்டேஷன் கேம்களின் முதுகிலும் டிஸ்க்கிலும் ஒரு குறியீட்டு எண் இருக்கும், அதை எழுதி வைத்தால் எந்தப் பதிப்பு என்பதில் குழப்பம் வராது. ஒவ்வொரு தட்டையும் செல்பேசியில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், கடையில் நிற்கும்போது "இது நம்மிடம் இருக்கிறதா" என்ற கேள்விக்கு அது போதும்.

வீடு மாறும்போது?

சின்னப் பெட்டிகளாகக் கட்டுங்கள். பெரிய அட்டைப் பெட்டியில் இருநூறு கேம் போட்டால் 20 கிலோ, அடி பிய்த்துக்கொண்டு விழும். நிறுத்திய நிலையில் அடுக்கி, இடுக்குகளைத் துணியால் அடைத்து, கட்டுவதற்கு முன் ஒவ்வொன்றையும் காதோரம் ஆட்டிப் பாருங்கள். உள்ளே கலகலவென்று சத்தம் கேட்டால் டிஸ்க் முளையிலிருந்து கழன்றிருக்கிறது, திறந்து அழுத்திவிட்டுக் கட்டுங்கள். சத்தமே வராத, வழக்கத்தைவிட எடை குறைந்த பெட்டி கையில் வந்தால் அதையும் திறந்துவிடுங்கள். அந்த டிஸ்க் பெரும்பாலும் கன்சோலுக்குள்ளேயே இருக்கும், கன்சோலைக் கட்டும் முன் எடுத்துவிடுங்கள்.